மால்பே தீவின் எரிமலைத் தூண்களும் என் சட்டைப்பையில் இருந்த கல்லும்

புதுச்சேரி கடற்கரைச் சாலையில் கிடக்கும் கருங்கற்களின் மேல் ஏறிப் படம் எடுக்கிற வெளியூர்க்காரர்களில் யாராவது ஒருவர், "இது எரிமலைக் கல்லா?" என்று கேட்டுவிடுவார். இல்லை ஐயா, கடல் அரிக்காமல் இருக்க லாரியில் கொண்டுவந்து கொட்டியவை. இதை நான் அடித்துச் சொல்லலாம். வில்லியனூர் சாலையில் இருபத்திரண்டு வருடமாக கிரானைட் கடை வைத்திருக்கிறேன். அப்படிப்பட்ட என்னை நிஜமான எரிமலைக் கல்லைப் பார்க்கக் கூட்டிக்கொண்டு போனவள் என் மகள் சபீனா.

அவள் இந்த வருடம் பிளஸ் டூ முடித்தாள். ஜியாலஜி படிக்க வேண்டும் என்றாள். கல்லூரி வெளியூரில், ஹாஸ்டலில் தங்க வேண்டும், வருடத்துக்கு ஒருமுறை பதினைந்து நாள் மலை, காடு என்று கல்லைப் பார்த்து அலைய வேண்டும். நான் முடியாது என்று சொல்லிவிட்டேன். பெண் பிள்ளையை அப்படி அனுப்ப எனக்குப் பயம், அதை ஒளிக்கவில்லை. உள்ளூரிலேயே கம்ப்யூட்டர் படிக்கட்டும் என்றேன். வீட்டில் இரண்டு வாரம் யாரும் யாரோடும் சரியாகப் பேசவில்லை. கடைசியில் என் மனைவி நூர்ஜஹான்தான் வழி சொன்னாள். "அவ சொல்ற அந்த எரிமலைக் கல்லு தீவ ஒருவாட்டி போயி பாத்துட்டு வந்து முடியாதுன்னு சொல்லுங்க. பாக்காமயே சொன்னா அவ மனசு ஆறாது." விண்ணப்பம் போட அடுத்த வாரம் செவ்வாய்க்கிழமை கடைசி நாள். முடிவை மாற்றுகிற எண்ணமே இல்லாமல் இந்த வாரம் வியாழக்கிழமைக்கு டிக்கெட் போட்டேன்.

புதுச்சேரியிலிருந்து மங்களூருக்கு நேரடி ரயில் இருக்கிறது, வாரத்தில் இரண்டே நாள். நாங்கள் ஏறியது மாலை 4.35 வண்டி. மறுநாள் காலை ஒன்பதரைக்கு இறங்கினோம். அங்கிருந்து உடுப்பிக்குப் பேருந்தில் ஒன்றரை மணி நேரம், ஆளுக்கு நூறு ரூபாய். உடுப்பியில் இரண்டு கட்டில் அறை ஒரு நாளைக்கு 1,400. குளித்து, சாப்பிட்டு, மதியம் முழுக்கத் தூங்கினோம். மே மாத வெயிலில் வேறு எதுவும் செய்ய முடியாது.

சனிக்கிழமை காலை ஆட்டோவில் மால்பே துறைமுகம், ஆறு கிலோமீட்டர், 150 ரூபாய். நம் ஊர் வைத்திக்குப்பத்தில் மணலில் இழுத்துப் போட்டிருக்கும் படகுகளைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு இந்தத் துறைமுகம் ரொம்பப் பெரியது. ஆட்டோக்காரர் ஏதோ வேலையாகக் கோயம்புத்தூரில் கொஞ்ச காலம் இருந்தவராம், தமிழ் பேசினார். "தீவுல என்னா சார் இருக்கு, கல்லுதான்" என்றார். "அதத்தான் நானும் ரெண்டு வாரமா சொல்றேன்" என்றேன். சபீனா சாலைப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

படகுக்கு ஆளுக்கு 400 கொடுத்தோம், போக வர சேர்த்து. முப்பது பேர் சேர்ந்த பிறகுதான் எடுக்கிறார்கள், அதற்கே முக்கால் மணி நேரம் ஆயிற்று. பயணம் அரை மணி. தீவுக்குப் பக்கத்தில் சின்னப் படகுக்கு மாற்றி இறக்குகிறார்கள். பிளாஸ்டிக் எதையும் உள்ளே விடுவதில்லை, பைகளைத் திறந்து பார்க்கிறார்கள்.

செயின்ட் மேரிஸ் என்று பெயர். ஒன்றல்ல, சின்னச் சின்னதாகச் சில தீவுகள். நம்மை விடுவது தென்னை மரங்கள் நிற்கும் ஒன்றில் மட்டும். தென்னந்தோப்பைத் தாண்டி மேற்குக் கரைக்கு வந்ததும் நான் நின்றுவிட்டேன். கல்தூண்கள். நூற்றுக்கணக்கில், ஒன்றை ஒன்று ஒட்டி நெருக்கமாக நிற்கின்றன. சில ஆள் உயரம், சில அதைப்போல மூன்று மடங்கு. ஐந்து பட்டை, ஆறு பட்டை, மூலைகள் வெட்டினாற்போல. என் கடைக் கல்தச்சரிடம் கொடுத்தால் ஒரு தூணுக்கு ஒரு வாரம் கேட்பார்.

"இத யாரு பாப்பா வெட்டுனது?" என்று கேட்டே விட்டேன்.

"யாரும் வெட்டல அத்தா. எரிமலைக் கொழம்பு வழிஞ்சு வந்து நின்னுச்சு. ஆற ஆறச் சுருங்குச்சு. சுருங்குனா வெடிப்பு விடும்ல, ஏரி காஞ்சா சேறு வெடிக்குமே, அந்த மாதிரி. மேலேர்ந்து ஆறிக்கினே வர வர வெடிப்பும் கீழ எறங்கிக்கினே வந்துச்சு. அதான் தூணு."

ஒன்பது கோடி வருடத்துக்குக் கொஞ்சம் குறைவாம். அப்போது மடகாஸ்கர் நம்மோடு ஒட்டிக்கொண்டிருந்ததாம், அது பிரிந்த சமயத்தில் வெளியே வந்த குழம்பாம் இது. விரலை மடக்கி ஒரு தூணைத் தட்டினேன். கணீர் என்றது. "நல்ல பிளாக் கிரானைட்" என்றேன்.

அவள் சிரித்தாள். "பிளாக் இல்ல அத்தா. உத்துப் பாருங்க, சாம்பல் நெறம். இன்னொண்ணு சொல்றேன், கோவிச்சுக்காதீங்க. நம்ம கடைல பிளாக் கிரானைட்டுன்னு விக்கறீங்களே, அதுல பெரும்பாலும் கிரானைட்டே இல்ல. இதே மாதிரி கொழம்புதான். மேல வராம பூமிக்குள்ள வெடிப்புலயே நின்னு கெட்டியானது."

இருபத்திரண்டு வருடமாக எரிமலைக்குச் சொந்தக்காரக் கல்லைச் சமையல் மேடைக்கு விற்றிருக்கிறேன். சரி, வாடிக்கையாளர் யாரும் கேட்கவில்லை.

அவள் நோட்டை எடுத்து வரைய உட்கார்ந்தாள். நான் தண்ணீர் ஓரமாக நடந்தேன். அங்கேதான் தப்பு செய்தேன். எங்கள் தொழிலில் ஒரு பழக்கம் உண்டு. எந்தக் குவாரிக்குப் போனாலும் ஒரு துண்டு சாம்பிள் எடுக்காமல் திரும்ப மாட்டோம். கை அதுவாகப் போகும். ஒரு தூணின் மூலை லேசாக ஆடியது. இரண்டு தரம் அசைத்தேன், உள்ளங்கை அளவுக்குக் கழன்று வந்தது. சட்டைப்பையில் போட்டுக்கொண்டேன்.

பன்னிரண்டரைக்கு எங்கள் படகுக்காரர் விசில் அடித்தார். வரிசையில் நிற்கும்போது என் சட்டை ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டு தொங்குவதைச் சபீனா பார்த்துவிட்டாள்.

"அத்தா, பையில இன்னா?"

எடுத்துக் காட்டினேன். அவள் முகம் மாறிவிட்டது. படகு இறங்கும் இடத்திலேயே பலகையில் எழுதிப் போட்டிருக்கிறார்கள், பாதுகாக்கப்பட்ட இடம், எதையும் எடுக்கக் கூடாது என்று.

"ஒரு துண்டுதான பாப்பா. யாருக்குத் தெரியப்போவுது?"

"எனக்குத் தெரியும்ல." குரல் உயரவே இல்லை. "ஜியாலஜிக்காரங்க நாங்களும் சாம்பிள் எடுப்போம் அத்தா. அனுமதி வாங்கிக்கினு, எந்த எடத்துல எந்தப் பக்கம்னு எழுதி வச்சிட்டு எடுப்போம். எங்கேர்ந்து வந்துச்சுன்னு தெரியலன்னா அது ஒண்ணுமே சொல்லாது. வெறும் கல்லு. எங்க எடுத்தீங்க?"

கையை நீட்டினேன். நீட்டிய பக்கம் நூறு தூண்கள். எல்லாம் ஒன்றுபோலவே இருந்தன. இதுவா, அதுவா என்று நான் தடுமாறிக்கொண்டிருக்கையில் எங்கள் படகு போய்விட்டது.

அவள் கல்லை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். ஒரு பக்கம் சிப்பி ஒட்டிக்கொண்டிருந்தது. "அலை வந்து போற ஒசரம்தான். மேல இருக்கறதெல்லாம் விட்டுடலாம்." இரண்டு பட்டை சேரும் மூலையை விரலால் தடவினாள். "ஆறு பட்டைத் தூண்ல இவ்ளோ ஒடுங்குன மூல வராது, அகலமா இருக்கும். ஆனா ஒண்ணு ரெண்டு கோணலா இருக்கு. நான் வரைஞ்சு வச்சிருக்கேன்." நோட்டைத் திறந்து வைத்துக்கொண்டு ஒவ்வொரு தூணாகக் குனிந்து பார்த்துக்கொண்டே போனாள். வெயில் மண்டையைப் பிளந்தது. நாற்பது நிமிடம் ஆனது. பிறகு ஒரு தூணின் அடியில் உட்கார்ந்து கல்லை வைத்தாள். சரியாகப் பொருந்தியது.

மயிரிழை வெடிப்பு இருந்தாலும் ஸ்லாப்பைத் திருப்பி அனுப்புகிறவன் நான். குனிந்து பார்த்தேன், ஒட்டு எங்கே என்று எனக்குத் தெரியவில்லை. வெட்கமாக இருந்தது. நம் வீட்டில் கல்லைப் பற்றி அதிகம் தெரிந்தவன் நான் என்று இத்தனை நாள் இருந்தேன், இனி அப்படி இல்லை. அதில் வருத்தம் கொஞ்சம், பெருமை நிறைய. அதற்குள் காவலாளி ஒருவர் வந்து, படகைத் தவறவிட்டதற்காகக் கன்னடத்தில் திட்டினார். மொழி தெரியாவிட்டாலும் திட்டு நன்றாகப் புரிந்தது. இரண்டரை மணிப் படகில் ஏற்றிவிட்டார்.

போகிறவர்களுக்குச் சில விஷயங்கள். மழைக்காலத்தில் படகு கிடையாது, மே மாத நடுவிலேயே நிறுத்திவிடுவார்கள், விசாரித்துவிட்டுக் கிளம்புங்கள். முதல் படகிலேயே போங்கள், பத்து மணிக்கு மேல் நிழலே இல்லை. தென்னந்தோப்பில் படம் எடுத்துவிட்டுத் திரும்பிவிடாதீர்கள், தூண்கள் மேற்கே. ஈரப்பாறை வழுக்கும், செருப்பு உதவாது. தீவில் சாப்பாடு எதிர்பார்க்க வேண்டாம். சின்னதோ பெரியதோ, கல்லில் கை வைக்காதீர்கள். தண்டனை கிடைக்கும் என்பதற்காக நான் இதைச் சொல்லவில்லை.

ஞாயிறு மாலை ரயில் ஏறினோம். சபீனா தன் படிப்பைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். திங்கள் காலை விழுப்புரம் தாண்டி வண்டி மெதுவாகப் போகும்போது நானே ஆரம்பித்தேன்.

"கல்லு ஒடைக்கற சுத்தியல் காலேஜ்ல குடுப்பாங்களா, நாம வாங்கணுமா?"

அவள் ஜன்னலிலிருந்து என் பக்கம் திரும்பினாள். "நாமதான் வாங்கணும் அத்தா."

"கடைல நாலஞ்சு இருக்கு. நல்லதா ஒண்ணு எடுத்துக்கோ."

"அது ஆவாது. அது செதுக்கறதுக்கு. எனக்கு வேற மாதிரி, ஒரு பக்கம் கூரா இருக்கணும்."

கல் வியாபாரியான எனக்கு அப்படி ஒரு சுத்தியல் இருப்பதே தெரியாது. படம் வரைந்து காட்டச் சொன்னேன். நோட்டை என் பக்கம் திருப்பி வைத்துக்கொண்டு வரைந்தாள். அழுதுகொண்டே வரைந்ததால் கோடு நேராக வரவில்லை.