லிம்ப் என்ற சொல்லும் என் இரண்டு கால்களும்

யுத்தம் நடந்துகொண்டிருந்த காலம். திண்டிவனத்தில் ஒரு மிஷன் பெண்கள் பள்ளியில் நான் ஆசிரியையாக இருந்தேன். எங்கள் குடும்பத்தில் எழுத்துக்கூட்டிப் படித்த முதல் ஆள் நான்தான். முகையூரில் அப்பாவும் அம்மாவும் ஊரார் நிலத்தில் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, பிடுங்கிக்கொண்டிருக்க, மகள் திண்டிவனத்தில் நாற்காலியில் உட்கார்ந்து பாடம் சொல்கிறாள் என்று ஊரில் பேச்சு. நாற்காலியைப் பற்றிய செய்தி கொஞ்சம் மிகை. பாடம் போக மீதி நேரத்தில் நான் தோட்டம் கொத்திக்கொண்டிருந்தேன். ஆசிரியைகளுக்கு உடலுழைப்பு நல்லொழுக்கத்தைத் தரும் என்பது எங்கள் தலைமையாசிரியையின் கொள்கை. அவருக்கு நல்லொழுக்கம் ஏற்கெனவே நிறைய இருந்தபடியால் வேப்பமர நிழலில் உட்கார்ந்து மேற்பார்வை பார்ப்பார்.

அந்தத் தோட்டத்து எலுமிச்சைச் செடியில் களை எடுக்கும்போது வலது கை நடுவிரலில் முள் ஏறிவிட்டது. பிடுங்கி எறிந்துவிட்டு வேலையைப் பார்த்தேன். விரல் வீங்கியது. அப்புறம் காய்ச்சல் வந்தது. ஒரு நாள் காலையில் தலை வாரக் கையைத் தூக்கினால் தூக்க முடியவில்லை. அக்குளில் நெல்லிக்காய் அளவில் ஒரு கட்டி, தொட்டால் உயிர் போனது. இதில் கண்டுபிடிக்க ஒன்றுமில்லை. காலில் முள் குத்திச் சீழ் பிடித்தால் தொடை இடுக்கில் நெறி கட்டும், கையில் என்றால் அக்குளில் நெறி கட்டும். எங்கள் பக்கத்தில் நெறி கட்டாமல் வளர்ந்தவர் யாரும் இல்லை.

தலைமையாசிரியை மட்டும் வேறு பக்கம். சென்னையில் படித்தவர். விடுப்புக் கேட்டு அவர் அறைக்குப் போனேன்.

"அக்குள்ல நெறி கட்டியிருக்குங்க. காய்ச்சலும் இருக்குது. விழுப்புரத்துல சின்னம்மா வீட்டுக்குப் போய் டாக்டர்கிட்ட காமிச்சிக்கினு வந்துர்றேங்க."

"நெறியா? அப்படி ஒரு வியாதி உண்டா?"

எனக்குத் தெரிந்ததெல்லாம் அந்த ஒரு பெயர்தான். அவர் மணியடித்துத் தமிழ் ஐயாவைக் கூப்பிட்டார். ஐயா வாசலிலேயே செருப்பைக் கழற்றிவிட்டு வந்தார். நெறி என்றால் என்ன என்று தலைமையாசிரியை கேட்டதும் அவர் முகம் மலர்ந்துவிட்டது. அந்த அறையில் அவரை யாரும் தமிழ் பற்றி அதுவரை கேட்டதில்லை.

"நெறி எனின் வழி. நல்லாற்றுப்படும் ஒழுக்கம். சான்றோர் செல்லும் பாதை" என்றார்.

தலைமையாசிரியை என்னைப் பார்த்தார். "சான்றோர் செல்லும் பாதை உன் அக்குளில் வீங்கியிருக்கிறதா?"

ஐயாவுக்கும் வருஷத்துக்கு ஒரு தடவையாவது நெறி கட்டியிருக்கும். ஆனால் நிகண்டில் இல்லாத நோய் எதுவும் தலைமையாசிரியை முன்னால் அவருக்கு வந்ததில்லை. கையைக் கட்டிக்கொண்டு சுவரைப் பார்த்தார். எனக்குக் கிடைத்த தீர்ப்பு இது: சனி, ஞாயிறு நான் எங்கே வேண்டுமானாலும் போகலாம். மேற்கொண்டு விடுப்பு வேண்டுமென்றால், டாக்டரிடம் கேட்டு நோய்க்கு ஒழுங்கான ஒரு பெயரோடு வர வேண்டும். ஒழுங்கான பெயர் என்றால் இங்கிலீஷ் பெயர். சமையற்காரிக்குச் சீதபேதி வந்தபோதும் அது 'டிசென்ட்ரி' ஆகும்வரை அவள் அடுப்படியில்தான் நின்றாள்.

அந்த ஞாயிற்றுக்கிழமை விழுப்புரத்தில் எனக்கு இன்னொரு வேலையும் இருந்தது. என்னைப் பெண் பார்க்க வருவதாக இருந்தார்கள். மாப்பிள்ளை ரயில்வே கூட்ஸ் ஆபீசில் குமாஸ்தா. அவருடைய அப்பா டிக்கெட் கலெக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். எங்களைப் போல மாதா கோயில்காரர்கள்தான். சின்னம்மா பேசி முடிவுசெய்த சம்பந்தம் அது.

விழுப்புரத்தில் இறங்கிய என்னைச் சின்னம்மா ஸ்டேஷனிலிருந்து நேரே டாக்டரிடம் கூட்டிப்போனாள். டாக்டர் நல்லவர். நல்லவர்களுக்கு உள்ள ஒரு கெட்ட பழக்கம் அவருக்கும் இருந்தது. எதையும் விளக்கிச் சொல்லாமல் விடமாட்டார். அதுவும் உரத்த குரலில். விரலைக் கீறிச் சீழை எடுத்துக் கட்டுப் போட்டுக்கொண்டே ஆரம்பித்தார்.

"இதுக்குப் பேரு லிம்பாடினைடிஸ். டீச்சரம்மா நீ, தெரிஞ்சுக்கணும். உடம்புல ரத்தம் ஓடுறது எல்லாருக்கும் தெரியும். அது இல்லாம இன்னொரு தண்ணி ஓடுது, நிறம் கிடையாது. அதுதான் லிம்ப். புதுச்சேரி ரோட்டுல கிளியனூர் பக்கம் பிரெஞ்சு எல்லையில சுங்கக்காரன் வண்டிய நிறுத்திப் பாக்குறான் இல்ல? அந்த மாதிரி லிம்ப் போற வழியில அங்கங்க சின்னச் சின்னக் கட்டிங்க இருக்கு. கழுத்து, அக்குள், தொடை. விரல்ல இருந்து வர்ற விஷத்த அக்குள்ல இருக்கிற கட்டி மடக்குது. மடக்கறதுல அதுவே வீங்கிப்போவுது. 'அடினா'ன்னா கட்டி. 'ஐடிஸ்'னா வீங்கிச் சிவந்து வலிக்கறது. புரியுதா?"

"நெறிதானுங்களே?" என்றாள் சின்னம்மா.

"நெறிதான். ஆனா லிம்ப்!" என்றார் டாக்டர் இன்னும் உரக்க.

உள்ளே நாங்கள் இருந்த இடத்துக்கும் வெளியே நோயாளிகள் உட்காரும் பெஞ்சுக்கும் நடுவில் ஒரு துணித் திரைதான். அந்தப் பெஞ்சில் இருமல் மருந்துக்காக ஒரு பெரியவர் உட்கார்ந்திருந்தார். நாங்கள் வெளியே வந்ததும் சின்னம்மா அவரைப் பார்த்துக் கும்பிட்டாள். அவர் என் கையில் இருந்த கட்டைப் பார்க்கவில்லை. என் கால்களைப் பார்த்தார். தெருக்கோடி வரைக்கும் பார்த்துக்கொண்டிருந்தார். அவர்தான் மாப்பிள்ளையின் அப்பா என்று சின்னம்மா வழியில் சொன்னாள்.

மறுநாள் பூசை முடிந்து எல்லோரும் வந்தார்கள். பெரியவர் அந்த வெயிலிலும் ரயில்வே கோட்டுப் போட்டிருந்தார். அவர் மனைவி வெற்றிலை பாக்கோடு வந்து பாயில் உட்கார்ந்தார். மாப்பிள்ளை ஓர் ஓரத்தில் நாற்காலி நுனியில் உட்கார்ந்து தன் கைக்குட்டையையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் காப்பித் தட்டோடு வந்து நின்றேன்.

"பொண்ணக் கொஞ்சம் நடந்து காமிக்கச் சொல்லுங்க" என்றார் பெரியவர்.

சின்னம்மாவுக்குப் புரியவில்லை. "கையிலதானேங்க கட்டுப் போட்டிருக்குது? நடையில இன்னா இருக்குது?"

"ஏம்மா, என்கிட்டயே மறைக்கிறியா? நேத்து என் காதால கேட்டேன். டாக்டரு ஒரு தடவ இல்ல, பத்துத் தடவ சொன்னாரு, லிம்ப் லிம்ப்புன்னு. முப்பது வருஷம் வெள்ளைக்காரங்கூட வேல பாத்தவன் நான். ஒரு ரயில் கார்டு தொர கால ஒடச்சிக்கினு வந்தப்ப ஆபீசே அதத்தான் சொல்லுச்சு. லிம்ப்புன்னா நொண்டி."

அவர் மனைவி குறுக்கே வந்தார். "சும்மா இருங்க நீங்க. லிம்ப்புன்னா அம்மைப்பாலு. அம்ம குத்த வர்றவன் பொட்டில கொண்ணாந்து கையில கீறி உடறானே, அது. போன மாசங்கூட நம்ம தெருவுல 'லிம்ப்பு வந்துருச்சு, புள்ளைங்களக் கூட்டியாங்க'ன்னு கூவுனான். பொண்ணுக்கு அம்ம வாத்திருக்குது. அதான் காச்ச. ஏம்மா, மூஞ்சியக் கொஞ்சம் வெளிச்சத்துல காட்டு."

அம்மை குத்துகிறவர்கள் அந்தப் பாலை லிம்ப் என்று சொன்னது உண்மைதான். கார்டு துரை விஷயமும் உண்மையாகவே இருக்கும். இங்கிலீஷில் நொண்டிக்கு வேறு எழுத்து, பாலுக்கும் டாக்டர் சொன்ன தண்ணீருக்கும் வேறு எழுத்து. விழுப்புரத்தில் எல்லாவற்றுக்கும் ஒரே உச்சரிப்பு. என் அக்குளில் இருந்த ஒரு நெறிக்காக அந்த வீட்டுக் கணவனும் மனைவியும் இரண்டு அகராதிகளாக மாறி என் முன்னால் மோதிக்கொண்டார்கள். ஒருவர் காலைப் பார்க்கச் சொன்னார், மற்றவர் முகத்தைப் பார்க்கச் சொன்னார். வலித்த இடத்தைப் பார்க்க மட்டும் யாருக்கும் தோன்றவில்லை.

நான் பாடம் சொல்கிற பெண். விளக்கிவிடலாம் என்று வாயைத் திறந்தேன்.

"காலும் இல்ல, அம்மையும் இல்லீங்க. அக்குள்ல..."

அவ்வளவுதான். பெரியவர் கூரையைப் பார்த்தார். அவர் மனைவி வெற்றிலையை மெல்லுவதை நிறுத்திவிட்டார். சின்னம்மா என் இடுப்பில் அழுத்திக் கிள்ளினாள். பெண் பார்க்க வந்த இடத்தில் பெண்ணுக்கு அக்குள் இருப்பது வெளியே தெரியக்கூடாது. அவள் நொண்டியா இல்லையா என்பதைச் சபையில் வைத்துப் பேசலாம், அதில் குற்றமில்லை.

"நடம்மா" என்றார் பெரியவர், கூரையைப் பார்த்தபடியே.

நடந்தேன். சமையற்கட்டு வரை போய்த் திரும்பி வந்தேன்.

"மறைக்கிறா" என்றார் அவர். "மெதுவா நடந்தாத் தெரியாது. இன்னொரு தடவ, ஜல்தியா."

சந்தையில் மாட்டை ஓட்டிக் காட்டுவதை முகையூரில் எவ்வளவோ பார்த்திருக்கிறேன். மாட்டுக்கு என்ன தோன்றும் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது. காய்ச்சல் வேறு. கண்ணில் தண்ணீர் முட்டியது, அதைக் காட்டவும் மனமில்லை. சரி, இவர்களுக்கு வேண்டியதைக் கொடுத்துவிடுவோம் என்று முடிவுசெய்தேன். சமையற்கட்டு வரைக்கும் இடது காலை இழுத்து இழுத்து நடந்தேன். திரும்பி வரும்போது வலது காலை இழுத்தேன்.

"இன்னாங்க இது? போறப்ப இடது காலு, வர்றப்ப வலது காலு?" என்றார் அந்த அம்மா.

"ரெண்டும்தான்" என்றார் பெரியவர் வெற்றியோடு. "நான் சொன்னேன் இல்ல?"

மாப்பிள்ளை கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டார். அவர் தோள்கள் குலுங்கின. இருமல் அல்ல என்பது எனக்குத் தெரிந்தது. ஆனால் அவர் கைக்குட்டையை மடித்துப் பையில் வைத்துக்கொண்டதோடு சரி. காப்பியைக் குடித்துவிட்டு எல்லோரும் எழுந்து போனார்கள். பின்கட்டில் சின்னம்மா என்னைத் திட்டிக்கொண்டே அழுதாள். நானும் அழுதேன். சம்பந்தம் போனதற்காக அல்ல. நடக்கச் சொன்னதும் நடந்தேனே, அதற்காக.

திண்டிவனத்தில் என் நோய்க்குப் பெரிய வரவேற்பு. தலைமையாசிரியை அந்தப் பெயரை இரண்டு தடவை சொல்லிப் பார்த்தார், என் உச்சரிப்பைத் திருத்தினார், ஸ்பெல்லிங் கேட்டார். "இப்போது இது ஒரு வியாதி" என்று விடுப்புக் கொடுத்தார். அதற்குள் விரல் ஆறி, நெறி அமுங்கி, நான் தோட்டம் கொத்தத் தயாராகிவிட்டிருந்தேன். கொடுத்த விடுப்பை வீணாக்க வேண்டாம் என்று படுத்துத் தூங்கினேன்.

சில வாரம் கழித்து ஒரு மத்தியானம், என்னைப் பார்க்க உறவுக்காரர் ஒருவர் வாசலில் நிற்பதாக ஆயா வந்து சொன்னாள். போய்ப் பார்த்தால் மாப்பிள்ளை. ரயில்வே பாஸில் வந்திருந்தார். அந்த வாசலுக்குள் வெளி ஆண்கள் வரக்கூடாது. ஆகவே கம்பிக் கதவுக்கு அந்தப் பக்கம் அவர், இந்தப் பக்கம் நான்.

"உங்க கால்ல எனக்கு ஒண்ணும் சந்தேகம் இல்லீங்க" என்றார்.

"ரொம்ப சந்தோஷம். எதுல சந்தேகம்?"

"எங்கப்பா இங்கிலீஷ்ல. டாக்டரையே போய்க் கேட்டேன். அவரு எல்லாத்தையும் சொன்னாரு. அர மணி நேரம் சொன்னாரு."

எனக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டேன். "அன்னிக்கு என்ன ரெண்டு தடவ நடக்க உட்டாங்க. நீங்க பாத்துக்கினு உக்காந்திருந்தீங்க."

அவர் தலைகுனிந்தார். "பயம்ங்க. சின்ன வயசுல இருந்து அவரு எதிர்ல பேசினதில்ல."

"எங்கிட்ட வந்து சொல்றதுல இன்னா இருக்குது? எனக்கு என் காலப்பத்தித் தெரியும். உங்க அப்பாகிட்டச் சொல்லுங்க. அதுக்கப்புறம் இந்தப் பக்கம் வாங்க."

வெடுக்கென்று சொல்லிவிட்டு வகுப்புக்கு வந்துவிட்டேன். அன்றைக்கு நான் என்ன பாடம் நடத்தினேன் என்று எனக்கே தெரியாது. அவர் திரும்பி வரமாட்டார் என்றுதான் நினைத்தேன். வந்தால் நன்றாக இருக்கும் என்றும் நினைத்தேன்.

அவர் சொல்லிவிட்டார் என்பது சின்னம்மா மூலம் தெரிந்தது. வீட்டில் பெரிய பேஜாராம். "என்னவிட நீ இங்கிலீஷ் படிச்சவனா?" என்று அப்பா கத்தினாராம். "இந்த ஒரு வார்த்தையில மட்டும் ஆமாம்பா" என்று மகன் சொன்னாராம். சொல்லிவிட்டு ஸ்டேஷன் பக்கத்து ஓட்டலில் சாப்பிடத் தொடங்கிவிட்டார். தெருவில் எல்லோரும் விசாரிக்க ஆரம்பித்ததும் அவர் அம்மாவுக்குத் தாங்கவில்லை. சம்பந்தம் பேச மறுபடி வந்தவர் அந்த அம்மாதான். என்னை நடக்கச் சொல்லவில்லை. முகத்தில் தழும்பு இருக்கிறதா என்று மட்டும் பக்கத்தில் உட்கார்ந்து மெதுவாகப் பார்த்துக்கொண்டார். அதை நான் பொறுத்துக்கொண்டேன்.

முகையூர்க் கோயிலில் எங்களுக்குக் கல்யாணம் நடந்தது. அப்பாவும் அம்மாவும் வேலைக்குப் போகாமல் இருந்த அபூர்வமான நாட்களில் அதுவும் ஒன்று. நான் விழுப்புரத்தில் வேறொரு பள்ளியில் சேர்ந்தேன்.

மாமனார் தான் தவறாகப் புரிந்துகொண்டதாகக் கடைசிவரை ஒப்புக்கொள்ளவில்லை. அதற்கு அவசியமும் இருக்கவில்லை. வீட்டுக்கு வருகிறவர்களிடமெல்லாம், "மருமவளுக்கு ரெண்டு காலும் வராம இருந்துச்சு. நம்ம டாக்டரு நல்ல கைராசிக்காரரு. விரல்ல ஒரு கீறு கீறினாரு, பொண்ணு நேரா நடந்துருச்சு" என்பார். வந்தவர்கள் நான் தண்ணீர் எடுத்துவரும்போது என் நடையை வியந்து பார்ப்பார்கள். நானும் அவர்களுக்காகக் கொஞ்சம் நிமிர்ந்து நடப்பேன்.

ஒரு நாள் அவர் ஒரு கூடை கத்தரிக்காயோடு போய் டாக்டருக்கு நன்றி சொல்லிவிட்டு வந்தார். டாக்டர் என்ன சொன்னார் என்று கேட்டேன்.

"எந்தப் பொண்ணுன்னு அவருக்கு ஞாபகம் இல்ல" என்றார் மாமனார். "கத்திரிக்காய வாங்கிக்கினாரு."