கடற்குதிரை தைத்த நீச்சலுடை

டுசல்டோர்ஃப் நகரில் நான் பஸ் ஓட்டுகிறேன். பத்தொன்பது வருடமாக ஓட்டுகிறேன். தரிப்பிடத்தில் நேரம் முடிந்ததும் கதவை மூடிவிடுவேன். பக்கக் கண்ணாடியில் யாராவது ஓடிவருவது தெரியும். கையைக் காட்டுவார்கள், தோளில் இருந்து பை வழுகும், சிலர் என்னைப் பார்த்து ஒரு சிரிப்பும் சிரிப்பார்கள். நான் சிரிக்கமாட்டேன். நேரத்துக்கு வராதவருக்காக நேரத்துக்கு வந்தவர்களை ஏன் காக்க வைக்கவேண்டும் என்பது என் கட்சி. வீட்டிலும் அதே கட்சிதான். கலியாண வீட்டுக்கு மாப்பிள்ளைக்கு முன்னமே போய், பூட்டிய மண்டபத்தின் வாசலில் நிற்கிற தமிழ்க் குடும்பம் ஜேர்மனியில் எங்களுடையதாகத்தான் இருக்கும்.

இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் மெக்சிக்கோவில் ஒரு சுற்றுலா வான் வண்டியை முக்கால் மணிநேரம் பிந்த வைத்தவன் நான்.

எங்கள் இருபத்தைந்தாவது கலியாண நாளுக்குப் பிள்ளைகள் இரண்டுபேரும் சேர்ந்து எங்களை ஒரு கிழமை மெக்சிக்கோக் கடற்கரைக்கு அனுப்பினார்கள். ஒவ்வொரு நாளும் ஹொட்டலில் படுத்துக் கிடக்கிற பழக்கம் எங்களுக்கு இல்லை. ஜேர்மன் பேசுகிற வழிகாட்டியோடு ஒருநாள் சுற்றுலா ஒன்று இருந்தது. காலையில் மாயா மக்களின் பழைய நகரத்து இடிபாடுகள், பின்னேரம் இரண்டு செனோட்டே. செனோட்டே என்றால், சுண்ணாம்புக்கல் நிலம் இடிந்து விழுந்து, அடியில் ஓடுகிற தண்ணீர் வெளியே தெரிகிற பெரிய பள்ளம். மேலே காடு, கீழே நீலத் தண்ணீர், இரண்டுக்கும் நடுவே ஆலம் விழுது மாதிரி வேர்கள் தொங்கும். எனக்கு இடிபாடு வேண்டும், மனைவிக்குத் தண்ணீர் வேண்டும். சண்டை இல்லாமல் பதிவு செய்தோம்.

அவளுடைய ஆசைக்கு ஒரு வருட வயது. அவள் முதியோர் இல்லம் ஒன்றில் பராமரிப்பு வேலை செய்கிறாள். அங்கே ஒரு அம்மாவின் அறைச் சுவரில் தொங்கிய நாட்காட்டியில் இந்தச் செனோட்டே படம் இருந்திருக்கிறது. மாதம் முடிந்த பிறகும் அந்தத் தாளைத் திருப்ப இவளுக்கு மனம் வரவில்லையாம்.

“இஞ்சாருங்கோ, இதுக்குள்ளை ஒருக்கா நீந்த வேணும்” என்று வீட்டுக்கு வந்து கைத்தொலைபேசியில் படத்தைக் காட்டினாள்.

“முதல் நீந்தப் பழகுமப்பா” என்றேன். பகிடிக்குத்தான் சொன்னேன். அடுத்த செவ்வாய்க்கிழமையே அவள் நகர நீச்சல் குளத்தில் பெண்களுக்கான தொடக்க வகுப்பில் சேர்ந்துவிட்டாள்.

எட்டு மாதம் போனாள். வேலை முடிந்து, கால் வீங்கி, அப்படியே நேரே குளத்துக்குப் போவாள். முகத்தைத் தண்ணீருக்குள் வைக்க அவளுக்குப் பயம். ஆகவே வீட்டில் பெரிய சட்டி ஒன்றில் தண்ணீர் நிரப்பி, முகத்தை வைத்து மூச்சு விட்டுப் பழகினாள். பக்கத்தில் நின்று நேரம் பார்த்துச் சொன்னேன் என்று எழுத எனக்கும் ஆசைதான். நான் சொன்னது, “கறி அடிப்பிடிக்குது.”

ஐம்பதாவது வயதில் அவளுக்குக் கடற்குதிரை கிடைத்தது. ஜேர்மனியில் ஐந்தாறு வயதுப் பிள்ளைகள் எடுக்கிற முதலாவது நீச்சல் சின்னம் அது. தண்ணீருக்குள் குதித்து, இருபத்தைந்து மீற்றர் நீந்தி, அடியில் கிடக்கிற வளையத்தை எடுத்து வரவேண்டும். வென்றால் கடற்குதிரை போட்ட ஒரு வட்டத் துணி தருவார்கள். பிள்ளைகள் அதை நீச்சலுடையில் தைத்துக்கொள்வார்கள். இவளும் முழங்கால் வரை நீண்ட தன் கறுப்பு நீச்சலுடையை மடியில் வைத்து, இடுப்புப் பக்கத்தில் அந்தக் கடற்குதிரையைத் தைத்தாள்.

“அடுத்த வருஷம் பாலர் வகுப்பிலையும் சேத்துவிடட்டோ?” என்று கேட்டேன்.

அவள் நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள். கேட்ட எனக்கு நீச்சல் தெரியாது. கடலில் இருந்து கல்லெறி தூரத்தில் பிறந்தவன். முழங்காலுக்கு மேலே தண்ணீர் வந்தால் கரைக்கு ஓடுகிறவன்.

என்னுடைய ஆயத்தம் வேறுவிதம். யாரோ அனுப்பிய காணொளிகளை இரண்டு கிழமையாகப் பார்த்தேன். இடி முழக்கம் மாதிரிப் பின்னணி இசை, அதிர்ச்சியில் இருக்கிற ஒரு குரல். மாயா நகரத்துப் பிரமிட்டுகளைக் கட்டியவர்கள் கப்பல் ஏறி எங்கள் தமிழ் மண்ணில் இருந்து போனவர்கள் என்று அந்தக் குரல் அடித்துச் சொன்னது. ஒன்பதாவது காணொளியில் நான் நம்பிவிட்டேன். பன்னிரண்டாவதில் நானே கண்டுபிடித்தது போல ஆகிவிட்டது.

சுற்றுலா நாளில் வான் வர இருபத்தைந்து நிமிடம் இருக்கும்போதே ஹொட்டல் வாசலில் நின்றோம். வெயில் ஏறும் என்று நான் தலைக்குத் தேங்காய் எண்ணெய் தாராளமாகத் தடவியிருந்தேன். மனைவி காலைச் சாப்பாட்டு மேசையில் இருந்து பத்துப் பன்னிரண்டு பணிஸ் ரொட்டியை எடுத்து, டுசல்டோர்ஃபில் இருந்து கொண்டுவந்த வெங்காயச் சீனிச்சம்பலை அதற்குள் வைத்துப் பையை நிரப்பியிருந்தாள்.

“மத்தியானச் சாப்பாடு அவையள் தருவினம். வெக்கக்கேடப்பா” என்றேன்.

“கிடக்கட்டும்” என்றாள்.

வானில் எங்களோடு நாலுபேர். கார்ல்ஸ்ரூஹேயில் படிக்கிற இரண்டு ஜேர்மன் தோழிகள், ஹம்பேர்க்கில் இருந்து வந்த ஓய்வுபெற்ற கணவன் மனைவி. ஹம்பேர்க்காரர் இரண்டு நிமிடம் பிந்தி வந்தார். நான் அவருக்குத் தெரியும்படி கைக்கடிகாரத்தைப் பார்த்தேன்.

வழிகாட்டி நாற்பது வயது மதிக்கத்தக்க பெண். முப்பது வருடம் ஜேர்மனியில் இருக்கிற என்னைவிட நல்ல ஜேர்மன் பேசினார். வானிலேயே அன்றைய ஒழுங்கைச் சொன்னார். இடிபாடுகளில் இருந்து பன்னிரண்டு மணிக்கு வெளிக்கிடவேண்டும். பிறகு சாப்பாடு. பிறகு முதலாவது செனோட்டே. அது இடுப்பளவு தண்ணீர், படம் எடுப்பதற்கு. கடைசியாக ஆழமான பெரிய செனோட்டே. மூன்று மணிக்குப் பிறகு அங்கே யாரையும் உள்ளே விடமாட்டார்கள். மூன்று மணி என்றபோது மனைவி என் கையைப் பிடித்து அழுத்தினாள். நான் ஓமோம் என்று தலையாட்டினேன். நேரம் பற்றி எனக்கா சொல்லவேண்டும்?

பிரமிட்டைக் கண்டதும் என் வாய் திறந்தது. வழிகாட்டி படிகளின் எண்ணிக்கையைச் சொன்னால், எங்கள் கோயில்களிலும் கணக்கு உண்டு என்பேன். அவர் சோளம் என்றால் நான் நெல் என்பேன். பிரமிட்டுக்கு முன்னால் நின்று கைதட்டினால் பறவை கத்துவது மாதிரி எதிரொலி வரும் என்று காட்டினார். எல்லாரும் ஒருமுறை தட்டினார்கள். நான் ஏழுமுறை தட்டிவிட்டு, இந்த வித்தை கப்பலில் வந்தது என்று அறிவித்தேன்.

வழிகாட்டி பொறுமையாகக் கேட்டார். “என் அம்மா இன்றைக்கும் வீட்டில் மாயா மொழிதான் பேசுகிறார். இந்தக் கப்பல் விஷயம் அவருக்குத் தெரியாது. கேட்டுச் சொல்கிறேன்” என்றார். எனக்கு அப்போது அது பாராட்டுப் போலத்தான் கேட்டது.

பிறகு அரை மணிநேரம் அவரவர் விருப்பப்படி சுற்றச் சொன்னார். நான் ஹம்பேர்க்காரரைப் பிடித்துக்கொண்டேன். பந்து விளையாடும் பழைய மைதானத்துக்குக் கூட்டிப்போய், சுவரில் உயரத்தில் இருக்கிற கல் வளையத்தைக் காட்டி விளக்கினேன். மண்ணில் குச்சியால் இந்து சமுத்திரம் கீறினேன், கப்பல் கீறினேன், காற்றின் திசை கீறினேன். அவர் “சுவாரசியம்” என்றார். கொஞ்சம் பொறுத்து “மிகவும் சுவாரசியம்” என்றார். ஒரு ஜேர்மன்காரர் மூன்றாவது தடவையும் சுவாரசியம் என்று சொன்னால் அவரை விட்டுவிட வேண்டும் என்று முப்பது வருடத்தில் எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். அவர் ஐந்து தடவை சொன்னார். பாவம், ஒருவர் பேசும்போது இடையில் போகத் தெரியாத மனிதர். பள்ளிக்கூடத்தில் சரித்திரம் படிப்பித்து ஓய்வுபெற்றவர் என்று பிறகுதான் தெரிந்தது.

கடைசியில் மனைவி வெயிலில் ஓடிவந்தாள். முகம் சிவந்து, தலைமுடி கலைந்திருந்தது. என் தொலைபேசி ஹொட்டலிலேயே கிடந்தது.

“நேரம் என்னெண்டு தெரியுமே உங்களுக்கு?”

பன்னிரண்டே முக்கால்.

வானில் ஏறினோம். வழிகாட்டி சாரதியோடு ஏதோ கதைத்துவிட்டு எங்கள் பக்கம் திரும்பினார். “மன்னிக்கவேண்டும். சாப்பாடும் முதலாவது செனோட்டேயும் சரிவரும். ஆழமான செனோட்டேக்கு மூன்று மணிக்குள் போய்ச்சேர முடியாது” என்றார்.

மனைவி என்னை ஏசவில்லை. ஏசியிருந்தால் நானும் ஏதாவது சொல்லித் தப்பியிருப்பேன். அவள் மடியில் இருந்த, உடம்பு துடைக்கிற துவாய்ச் சுருளைப் பைக்குள் வைத்து, பணிஸுகளுக்கு அடியில் அமத்தினாள். துவாய்க்குள் நீச்சலுடை இருந்தது. ஓரத்தில் கடற்குதிரையின் வால் தெரிந்தது. அதையும் உள்ளே தள்ளிவிட்டு ஜன்னலுக்கு வெளியே பார்த்தாள். எட்டு மாதத்துச் செவ்வாய்க்கிழமைகளையும் நான் குச்சியால் மண்ணில் கீறி முடித்துவிட்டேன் என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. வெட்கமாக இருந்தது. ஓடிவந்தவர்கள் எல்லாருடைய முகத்திலும் கதவை மூடியவன் நான். இப்போது எனக்கு யார் கதவு திறப்பது?

ஓடுகிற வானில் எழுந்து நின்றேன். ஓடுகிற பஸ்ஸில் எழும்பவேண்டாம் என்று ஒலிபெருக்கியில் சொல்கிற அதே நான்தான்.

“பிந்தினது என்னால்தான்” என்று ஜேர்மன் மொழியில் தொடங்கினேன். “என் மனைவிக்கு ஐம்பது வயது. அந்தச் செனோட்டேக்குள் நீந்தவேண்டும் என்று எட்டு மாதம் பழகினவர். கடற்குதிரையும் எடுத்துவிட்டார். மத்தியானச் சாப்பாட்டை விட்டால் நேரம் கிடைக்கும். தயவு செய்து.”

ஏற்கெனவே பணம் கட்டிய சாப்பாட்டை விடச் சொல்லி ஜேர்மன்காரரிடம் கேட்பது சின்னக் காரியம் இல்லை. எங்கள் தமிழ் ஆட்களாக இருந்தால் அது இன்னும் பெரிய காரியமாக இருந்திருக்கும். கார்ல்ஸ்ரூஹேத் தோழிகள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். “கடற்குதிரையா?” என்று ஒருத்தி கேட்டாள். மனைவி தயங்கித் தயங்கித் துவாய்க்குள் இருந்து நீச்சலுடையை எடுத்துக் காட்டினாள். “ஓ!” என்று இருவரும் ஒன்றாகக் கத்தினார்கள். ஹம்பேர்க் அம்மா கண்ணாடியைப் போட்டு அதைத் தடவிப் பார்த்தார்.

ஹம்பேர்க்காரர் மட்டும் யோசித்தார். “எனக்குச் சம்மதம். ஆனால் ஒரு நிபந்தனை. ஹொட்டலுக்குத் திரும்பும்வரை இந்த ஐயா ஒரு வார்த்தையும் பேசக்கூடாது” என்றார்.

வானே சிரித்தது. சாரதிக்கு வழிகாட்டி மொழிபெயர்த்துச் சொல்ல, அவர் இரண்டாவது தடவை சிரித்தார். நான் வாயில் விரலை வைத்து வாக்குக் கொடுத்துவிட்டு உட்கார்ந்தேன். மனைவி பையைத் திறந்து சீனிச்சம்பல் பணிஸை எல்லாருக்கும் நீட்டினாள். எனக்குக் கடைசியாகத்தான் வந்தது.

இடுப்பளவு தண்ணீரை எட்டிப் பார்த்துவிட்டு உடனே வெளிக்கிட்டோம். மூன்று மணிக்கு ஏழு நிமிடம் இருக்கும்போது பெரிய செனோட்டேயின் வாசலில் நின்றோம். எண்ணெய், கிறீம் எதுவும் உடம்பில் இருக்கக்கூடாதாம், தண்ணீர் பழுதாகிவிடும். எல்லாரும் ஒருமுறை குளித்துவிட்டுப் போனார்கள். காவலாளி என் தலையைத் தொட்டு, விரலை முகர்ந்து பார்த்து, என்னைத் திருப்பி அனுப்பினார். மூன்றுமுறை அனுப்பினார். தேங்காய் எண்ணெயின் மகிமையை எடுத்துச் சொல்ல வழியில்லாமல் மூன்றுமுறையும் தேய்த்துக் கழுவினேன்.

நீச்சல் தெரியாதவர்கள் மிதவை அங்கி போடவேண்டும். எனக்குச் செம்மஞ்சள் அங்கி ஒன்றை மாட்டிவிட்டார்கள். மனைவிக்கும் நீட்டினார்கள். அவள் இடுப்பில் இருந்த கடற்குதிரையைத் தொட்டுக் காட்டினாள். காவலாளிக்கு ஒன்றும் விளங்கவில்லை. “அவர் பரீட்சை எடுத்துப் பாஸ் பண்ணியவர்” என்று ஹம்பேர்க் அம்மா கண்டிப்பாகச் சொல்ல, வழிகாட்டி அதை ஸ்பானிஷில் சொன்னார். காவலாளி ஒதுங்கி வழிவிட்டார்.

மரப்படிகளால் இறங்கினோம். தண்ணீர் ஓரத்தில் நீலம், நடுவில் கறுப்பு. அடி தெரியவில்லை. பிடிக்கச் சுவர் இல்லை. டுசல்டோர்ஃப் நீச்சல் குளத்தில் என்றால் பிடிக்கப் பக்கத்திலேயே ஒரு ஓரம் இருக்கும். மனைவி கடைசிப் படியில் நின்று கம்பியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தாள். எனக்குப் பயமாக இருந்தது. உண்மையான பயம். வேண்டாம், வாரும், வந்ததே போதும் என்ற சொல் வாய்வரை வந்துவிட்டது. அவள் திரும்பி என்னைப் பார்த்தாள். அந்தச் சொல்லுக்காகத்தான் பார்த்தாள் என்று நினைக்கிறேன். வாக்குக் கொடுக்காமல் இருந்திருந்தால் கட்டாயம் சொல்லியிருப்பேன். அவளும் திரும்பி வந்திருப்பாள். இருபத்தைந்து வருடத்தில் எத்தனை படிகளில் நின்ற அவளை இப்படிக் கூப்பிட்டுவிட்டேனோ தெரியாது.

நான் பேசாமல் இருந்தேன். அவள் கம்பியை விட்டாள்.

முதலில் தலை உள்ளே போய்விட்டது. பிறகு வந்தது. வகுப்பில் படித்தபடி, சட்டித் தண்ணீரில் பழகினபடி, மூச்சை வெளியே ஊதி ஊதி, தவளை மாதிரிக் காலை உதைத்து, மெதுவாக நடுவுக்குப் போனாள். கறுப்புத் தண்ணீருக்கு மேலே போனாள். எதிர்ப்பக்கத்தில் தொங்கிய வேர் ஒன்றை எட்டிப் பிடித்து, திரும்பிப் பார்த்துச் சிரித்தாள். பேசக்கூடாது என்றுதான் நிபந்தனை; கைதட்டக்கூடாது என்று யாரும் சொல்லவில்லை. அங்கி நெஞ்சில் இடிக்க இடிக்கத் தட்டினேன். பாறையில் பட்டு எதிரொலி வந்தது. அது எங்கே இருந்து வந்தது என்று நான் யாருக்கும் விளக்கவில்லை.

கொஞ்ச நேரத்தில் மற்றவர்கள் எல்லாரும் கரை ஏறித் துவட்டிக்கொண்டார்கள். அவள் மட்டும் தண்ணீரில் இருந்தாள். வழிகாட்டி என்னிடம் வந்து, “நேரமாகிவிட்டது. உங்கள் மனைவியைக் கூப்பிடுகிறீர்களா?” என்றார்.

நான் வாயில் விரலை வைத்துக் காட்டினேன்.

அவர் ஹம்பேர்க்காரரைப் பார்த்தார். “வாக்கு என்றால் வாக்குத்தான்” என்றார் அந்த மனிதர், காலில் இருந்த மண்ணைத் துடைத்தபடி.

“ஏனப்பா, நேரமாச்சோ?” என்று தண்ணீரில் இருந்து மனைவி கேட்டாள்.

கைக்கடிகாரத்தைக் கழற்றிச் சப்பாத்துக்குள் போட்டேன். இல்லை என்று தலையாட்டினேன். அவள் ஒரு கணம் நம்பாமல் என்னைப் பார்த்தாள். பிறகு திரும்பி, மறுபடியும் நடுவுக்கு நீந்திப் போனாள். மேலே தரிப்பிடத்தில் எங்கள் வான் சாரதி ஹோர்ன் அடிப்பது கேட்டது. அடிக்கட்டும் என்று இருந்தேன்.