டென்மார்க்குக்கு விழுந்த ஒரு வாக்கு

கலப்பத்துக்காரர் ஸ்டாமதிஸைப் பற்றி எங்கள் பலியோஸ்கலா துறையில் இரண்டு விதமாகச் சொல்வார்கள். வரப்போகிற ராஜாவை முன்பே அறிந்த தீர்க்கதரிசி என்பார்கள் சிலர். ஊரே திரண்டு எதிர்த்தபோதும் அசையாத பாறை என்பார்கள் மற்றவர்கள். இரண்டும் உண்மையில்லை. அவர் எதையும் முன்பே அறியவில்லை. அசையவும் செய்தார், ஒரு தரமல்ல, இரண்டு தரம். இதைச் சொல்வதால் அவர் சிறுத்துப்போவதாக எனக்குத் தோன்றவில்லை. பாறை என்று ஒரு மனிதனைச் சொல்லிவிட்டால் அவன் பட்ட பாடு எல்லாம் மறைந்துபோகிறது.

மரக்கலங்களின் பலகை இடுக்கில் சணலைத் திணித்து, கொட்டாப்புளியால் அடித்து இறுக்கி, மேலே கொதிக்கும் கீலை, கருத்த தாரை, ஊற்றுவது அவர் தொழில். கருத்த, குட்டையான மனிதர். ஒரு கேள்விக்குப் பதில் சொல்வதற்குள் கேட்டவர் வேறு பேச்சுக்குப் போயிருப்பார். மனைவி கலியோ இரண்டு பேருக்கும் சேர்த்துப் பேசுவாள். ஒரே மகள் அஸிமீனா. அவளுக்கும் கப்பித்தான் லம்ப்ரோஸின் மகன் வாங்கெலிஸுக்கும் மோதிரம் மாற்றியாகிவிட்டது. இரண்டு பாய்க்கப்பலுக்குச் சொந்தக்காரர் லம்ப்ரோஸ், ஊர்ப் பெரியவர்களில் முதல்வர். கலப்பத்துக்காரன் வீட்டுக்கு இது எட்டாத சம்பந்தம். ஜனவரியில் திருக்காட்சித் திருநாள் கழிந்ததும் கல்யாணம் என்று பேச்சு.

அந்த இலையுதிர் காலத்தில்தான் பவேரியாவிலிருந்து வந்து முப்பது வருஷம் ஏதென்ஸில் இருந்து எங்களை ஆண்ட ராஜாவைக் கப்பலேற்றி அனுப்பினார்கள். சிம்மாசனம் காலி. அடுத்து யார் வேண்டும் என்று ஜனங்களே எழுதிக் கொடுக்கலாம் என்று அறிவிப்பு வந்தது. எங்கள் ஊரில் தேவாலய முன்மண்டபத்தில் ஒரு மேசை போட்டார்கள். பள்ளி ஆசிரியர் பனயோதிஸ் பேனாவோடும் வாக்குப் புத்தகத்தோடும் உட்கார்ந்தார். வருகிறவன் பெயரைச் சொல்ல வேண்டும், அவர் உரக்கத் திருப்பிச் சொல்லிவிட்டு எழுதுவார், கீழே இவன் கையெழுத்தோ சிலுவையோ போடுவான். மறைவு ஒன்றும் கிடையாது.

எல்லார் வாயிலும் ஒரே பெயர்: ஆங்கிலேய ராணியின் இரண்டாவது மகன் ஆல்ஃப்ரெட். அவன் வந்தால் ஆங்கிலேயரிடம் இருக்கும் ஏழு தீவுகளும் சீர்வரிசையாகக் கூடவே வரும் என்றார்கள். அவனை அனுப்ப முடியாது என்று லண்டனிலிருந்தே சொல்லிவிட்டார்கள் என்ற செய்தியும் வந்தது. பெண் வீட்டுக்காரர்கள் முதலில் அப்படித்தான் சொல்வார்கள் என்று சிரித்துக்கொண்டோம்.

ஸ்டாமதிஸின் முறை வந்தது.

"வாங்க அண்ணே. ஆல்ஃப்ரெட்தானே? போட்டுடட்டுமா?" என்றார் ஆசிரியர்.

"வேற யாரு இருக்கா?"

"வேற யாருன்னா?"

"ஆங்கிலேயன் இல்லாம."

மெழுகுவத்தித் தட்டருகே நின்ற கப்பித்தான் லம்ப்ரோஸ் குரல் கொடுத்தார். "என்ன சம்பந்தி, மீனா வாங்குற? செவுளைத் தூக்கித் தூக்கிப் பாக்குற?"

மண்டபம் சிரித்தது. ஆசிரியர் பொறுமையாகச் சொன்னார். "ரஷ்யாக்காரன் ஒருத்தன் பேரு அடிபடுது. பிரான்ஸ்காரன் ஒருத்தன்..."

"ரஷ்யாக்காரன் நம்மளச் சண்டைக்குத் தூண்டி விட்டுட்டுக் கப்பலேறிப் போயிருவான். பிரான்ஸ்காரன் பிரேயுஸ் துறைமுகத்துல வந்து குந்தினதப் பாத்தோமே." ஸ்டாமதிஸ் தலையைச் சொறிந்தார். "டென்மார்க்குன்னு ஒரு தேசம் இருக்குல்ல? அந்த ராஜா வீட்டுல பையன் யாராச்சும் இருந்தா அவனைப் போடு."

"பையன் இல்லன்னா பூனைக்குட்டியப் போடவா அண்ணே?" என்று பின்னாலிருந்து ஒருவன் கத்தினான்.

ஆசிரியர் பத்திரிகை படிக்கிறவர். அந்த வீட்டில் வில்ஹெல்ம் என்று ஒரு பையன் இருப்பது அவருக்குத் தெரியும். எழுதினார். ஸ்டாமதிஸ் சிலுவை போட்டுவிட்டு வெளியே போனார். சிரிப்பு நின்றுவிட்டது.

அவருடைய காரணம் எளியது. பன்னிரண்டு வருஷத்துக்கு முன் ஆங்கிலப் போர்க்கப்பல்கள் எங்கள் துறைகளை அடைத்து, கலங்களைப் பிடித்துப் போன குளிர்காலத்தில் அவர் தம்பியின் படகும் போயிற்று. திரும்பி வந்தபோது வெயிலிலும் மழையிலும் இடுக்கெல்லாம் வாய் பிளந்திருந்தது. தம்பி அதிலேயே கடலுக்குப் போனான், வரவில்லை. டென்மார்க் எதற்கு? டான்யூப் முகத்துவாரத்தில் ஒரு தரம் டேனிஷ் கப்பலொன்றின் அடித்தளத்தில் வேலை செய்திருக்கிறார். ஒரு சொட்டுக் கசிவு இல்லை. கப்பலை அப்படி வைத்திருப்பவர்கள் நாட்டையும் நனையாமல் வைத்திருப்பார்கள் என்று நினைத்தார். இது நல்ல வாதம் அல்ல. ஆனால் அந்த மண்டபத்தில் வேறு எவனிடமும் வாதம் என்று ஒன்றே இருக்கவில்லை.

அன்று சாயங்காலம் கப்பித்தான் அவர் வீட்டுக்கு வந்தார். உட்காரவில்லை.

"வளைகுடா முழுக்கச் சொல்லி அனுப்பிட்டேன், பலியோஸ்கலாவுல ஒரே குரல்னு. ஊர் சார்பா நான்தான் ஏதென்ஸுக்குப் போய் நிக்கப் போறேன். இப்ப எதிர்க்கரைக்காரன் கேக்கறான், உங்க சம்பந்தியே டென்மார்க்காமேன்னு. என் முகத்துல கீல் பூசிட்டியே ஸ்டாமதிஸ்."

"ஒரு ஓட்டு. அதுல என்ன ஆயிரப்போகுது, கப்பித்தான்?"

"ஒண்ணும் ஆகாதுன்னா மாத்திப் போடு. ஞாயித்துக்கிழமை பூசை முடிஞ்சு புத்தகம் சலோனாவுல அதிகாரிகிட்டப் போகுது. அதுக்கு முன்னால நீ வந்து அடிச்சு எழுதலன்னா, மோதிரம் திரும்பி வரும். என் பையன் துரோகி வீட்டுல பொண்ணு எடுக்க மாட்டான்."

அடுத்த நாள் காலை அவருடைய கீல் சட்டியில் மணல் கிடந்தது. மறுநாள் ஜன்னலில் கல் விழுந்தது. பொது அடுப்பில் கலியோவின் மாவுத் தட்டை வேகவைக்காமலே திருப்பிக் கொடுத்தார்கள். வெள்ளிக்கிழமை மாலை பந்தத்தோடு ஒரு கூட்டம் வாசலில் நின்று பெயர் சொல்லிக் கூப்பிட்டது. கூப்பிட்டவர்களில் பாதிப் பேரின் படகை அவர் இறுக்கிக் கொடுத்திருக்கிறார். கதவின் குறுக்குக் கட்டையில் முதுகைச் சாய்த்து அவர் உட்கார்ந்திருந்தார். ஒவ்வொரு உதைக்கும் அவர் தோள் அதிர்ந்தது.

"டென்மார்க்குல உனக்கு மாமனார் வீடா இருக்கு?" கலியோ அடிக்குரலில் சீறினாள். "போன தம்பி போயிட்டான். இருக்கற பொண்ணப் பாரு. மோதிரம் திரும்பின பொண்ண எவன் கட்டுவான்?"

அஸிமீனா விளக்கடியில் கல்யாணப் படுக்கைவிரிப்புக்கு ஓரம் தைத்துக்கொண்டிருந்தாள். அப்பா அவளைப் பார்த்தார். அவள் ஊசியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"நீ சொல்லு பாப்பா."

"நான் என்னப்பா சொல்ல? எனக்கு ஓட்டு இல்லியே."

ஞாயிற்றுக்கிழமை விடிந்ததும் அவர் சட்டையை மாட்டிக்கொண்டு ஆசிரியர் வீட்டுக்குப் போனார். நல்ல மழை. கதவைத் திறந்த பனயோதிஸ் அவர் முகத்தைப் பார்த்ததுமே புரிந்துகொண்டார்.

"புத்தகம் நேத்தே போயிருச்சு அண்ணே. ஆத்துல தண்ணி ஏறுதுன்னு கோவேறு கழுதைக்காரன் முன்னாடியே கிளம்பிட்டான்."

ஸ்டாமதிஸ் மழையில் இறங்கினார். சலோனா மலைப்பாதையில் நடக்கத் தொடங்கினார், கொஞ்ச தூரத்தில் ஓடவே தொடங்கினார். ஆறு பழுப்பாகச் சுழித்து ஓடிக்கொண்டிருந்தது. இடுப்புத் தண்ணீர் வரை இறங்கினார். காலுக்குக் கீழ் கல் புரண்டது. வேரோடு வந்த ஒரு மரம் கைக்கெட்டும் தூரத்தில் உருண்டு போயிற்று. இன்னும் ஓர் அடி வைத்தார். தண்ணீர் அவரைப் பக்கவாட்டில் தூக்கி ஒரு பாறையில் அடித்துப் போட்டது. பாறையைக் கட்டிக்கொண்டு எவ்வளவு நேரம் கிடந்தாரோ. கழுதையை ஓட்டிப் போனவன் எதிர்க்கரைக்கு அப்பால் எங்கோ இருந்தான். தன் வாக்கை அழிக்க ஓடிய மனிதனை ஓர் ஆறு தடுத்து நிறுத்தியது, அவ்வளவுதான் அந்த வீரம்.

அதைக் கப்பித்தானிடம் போய்ச் சொன்னார். "ஆத்துத் தண்ணி என் முகத்தைக் கழுவுமா?" என்றார் கப்பித்தான். அன்று மாலை ஓர் அத்தை கைக்குட்டையில் முடிந்த மோதிரத்தைக் கொண்டுவந்து, தங்கள் வீட்டு மோதிரத்தைக் கேட்டு வாங்கிக்கொண்டு போனாள்.

குளிர்காலம் முழுவதும் யாரும் அவரை வேலைக்குக் கூப்பிடவில்லை. நாடு முழுவதும் எண்ணி முடித்தபோது ஆல்ஃப்ரெடுக்கு லட்சக்கணக்கில் விழுந்திருந்தது. டென்மார்க்குக்கு ஆறு. "மீதி அஞ்சு பைத்தியத்தையும் கண்டுபிடிச்சு ஒரே கூண்டுல போடணும்" என்றார்கள் காபிக் கடையில்.

பெரிய நோன்பு தொடங்கும் மாவுத் திங்கள் வந்தது. அன்று எங்கள் ஊரில் ஒருவர் மேல் ஒருவர் மாவும் கரியும் வீசிக்கொள்வோம். பாதிரியார், கடன்காரன், எதிரி என்று பார்ப்பதில்லை. ஸ்டாமதிஸ் துறைக்குப் போனார். அடி விழட்டும், கரி பூசட்டும், அதோடு தீரட்டும் என்றுதான் போயிருக்க வேண்டும். கூட்டம் அவரைச் சுற்றிச் சுழன்றது. ஒரு கை மாவுகூட அவர் மேல் விழவில்லை. வாங்கெலிஸ் இரண்டு கையிலும் மாவோடு எதிரே வந்தான், நின்றான், பக்கத்தில் நின்ற வேறொருவன் தலையில் கொட்டிவிட்டுப் போனான். ஊரே பேய் மாதிரி வெளுத்தும் கறுத்தும் இருக்க, அவர் ஒருவர் மட்டும் சுத்தமான சட்டையோடு வீட்டுக்கு ஏறிப் போனார். ஜன்னலில் நின்ற அஸிமீனா அதைப் பார்த்தாள்.

மார்ச் மாதக் கடைசியில் நீராவிக் கப்பல் செய்தி கொண்டுவந்தது. ஆங்கிலேயர், பிரான்ஸ், ரஷ்யா என்ற மூன்று வல்லரசுகளும் தங்கள் வீட்டு இளவரசன் எவனும் கூடாது என்று முன்பே ஒப்பந்தம் போட்டிருந்ததால், தேடித் தேடிக் கடைசியில் ஒருவனைப் பிடித்திருக்கிறார்கள். ஏதென்ஸ் சபை அவனையே ராஜாவாகத் தேர்ந்துவிட்டது. டென்மார்க் வீட்டுப் பையன், வில்ஹெல்ம். இனி அவன் பெயர் யோர்கோஸ்.

காபிக் கடையில் செய்தியை இரண்டு தரம் படிக்கச் சொல்லிக் கேட்டார்கள். பிறகு ஒருவன், "ஸ்டாமதிஸுக்கு முன்னாடியே யாரு சொன்னா?" என்றான். அந்தக் கேள்வி வசையைவிட மோசமாக இருந்தது. அன்றிலிருந்து ஸ்டாமதிஸைப் பார்த்தால் தொப்பியைக் கழற்றினார்கள். அவர் கடந்து போனதும் முணுமுணுத்தார்கள்.

குருத்தோலை ஞாயிறுக்கு முந்தின நாள் காலை கப்பித்தான் லம்ப்ரோஸ் மறுபடி வந்தார். இந்த முறை உட்கார்ந்தார். கூட வாங்கெலிஸ். மேசையில் மோதிரத்தை வைத்தார்.

"நடந்தது நடந்துபோச்சு சம்பந்தி. ஈஸ்டர் முடிஞ்சதும் கல்யாணத்த வெச்சுக்கலாம். ஒரே ஒரு காரியம். ராஜாவ வாழ்த்தச் சபைக்கு ஒரு குழு போகுது. நீ முன்னால நிக்கணும்."

"நான் அங்க என்ன பேச?"

"ஊரே டேன்காரன்தான் வேணும்னு இருந்தோம், பயந்துட்டு வேற பேர எழுதினோம், எங்க எல்லார் மனசையும் சேத்து இவர் ஒருத்தர் எழுதினாருன்னு நான் பேசுவேன். நீ தலைய ஆட்டினாப் போதும்."

"அப்படி நடக்கலியே."

"எப்படி நடந்ததுன்னு யாருக்கு இப்ப ஞாபகம்?"

கலியோ கணவனின் முதுகில் விரலால் குத்தினாள். ஸ்டாமதிஸ் மோதிரத்தைப் பார்த்தார். கீல் படிந்த நகத்தால் அதை ஒரு தரம் சுழற்றினார்.

"சரி" என்றார்.

கப்பித்தான் தொடையில் தட்டினார். அப்போது அஸிமீனா உள்ளேயிருந்து வந்து மேசையருகே நின்றாள்.

"ஒண்ணு கேக்கட்டுமா மாமா?"

"கேளும்மா. நீ எங்க வீட்டுப் பொண்ணு."

"இந்த ராஜாவையும் ஒருநாள் கப்பலேத்தி அனுப்பிட்டா, மோதிரத்தக் கேட்டு அத்தை வருவாங்களா, இல்ல நீங்களே வருவீங்களா?"

"வாயப் பாரு!" என்றார் கப்பித்தான்.

"உங்களக் கேட்டது போதும்." அவள் வாங்கெலிஸின் பக்கம் திரும்பினாள். "நீ சொல்லு." அவன் அப்பாவைப் பார்த்தான். "அங்க பாக்காத. பதில் அங்க எழுதி வெக்கல."

வாங்கெலிஸ் காது சிவந்து தரையைப் பார்த்தான்.

அவள் மோதிரத்தைக் கப்பித்தான் பக்கம் நகர்த்தினாள். "என்னக் காட்டி எங்கப்பாவ ஒரு தரம் ஆத்துல இறக்கினீங்க. இன்னொரு தரம் வேணாம். அப்பா ஏதென்ஸுக்குப் போகல."

"பாப்பா..." என்றார் ஸ்டாமதிஸ்.

கப்பித்தான் எழுந்தார். மோதிரத்தை எடுத்து இடுப்புத் துணியில் செருகினார். "கலப்பத்துக்காரன் வீட்டுத் திமிரு. இந்தத் துறையில இனி ஒரு ஆணி அடிக்கறியான்னு பாக்கறேன். டேய், வா." வெளியே போனார்.

வாங்கெலிஸ் எழவில்லை. கைகளை முழங்கால் மேல் வைத்துக்கொண்டு அப்படியே இருந்தான். கலியோ வாயில் தலைத்துணி முனையை அடைத்துக்கொண்டாள்.

"வாங்கெலிஸ்!" தெருவிலிருந்து குரல் வந்தது. பிறகு இன்னும் உரக்க, அண்டை வீட்டு ஜன்னல்கள் திறக்கிற அளவுக்கு, "வாங்கெலிஸ்! இப்ப வரலன்னா என் கப்பல்ல கால வைக்காத!"

"போறதுன்னா போ" என்றாள் அஸிமீனா. "இருக்கறதுன்னா கதவச் சாத்து. காத்தடிக்குது."

அவன் எழுந்தான். கதவு வரை போனான். வெளியே அப்பா நிற்பதைப் பார்த்தான், அவர் இவனைப் பார்த்தார். அவன் கதவைச் சாத்தினான். குறுக்குக் கட்டை எங்கே மாட்டுவது என்று தெரியாமல் தடுமாறினான். ஸ்டாமதிஸ் எழுந்து வந்து மறுமுனையைப் பிடித்துக்கொண்டார்.