நாலாவது கை

யாரும் யாரையும் தோற்கடிக்காத ஒரு சீட்டாட்டத்தை என் அம்மாவுக்குப் புரியவைக்க எனக்கு ஒரு மத்தியானம் முழுக்கத் தேவைப்பட்டது.

“எல்லாரும் சேந்து ஜெயிக்கணும். இல்லாட்டி எல்லாரும் சேந்து தோக்கணும். அம்புட்டுதாம்மா.”

“அப்ப யாரத் தோக்கடிக்க வெளாடுறோம்?”

“யாரையும் இல்ல.”

“பெறகு எதுக்குத்தா சீட்டு? சும்மா உக்காந்து வெத்தலையப் போடலாமே.”

அம்மாவோடு உட்கார்ந்திருந்த மற்ற மூன்று பேரும் இதில் நியாயம் இருப்பதாகத் தலையாட்டினார்கள். தீபாவளி முடிந்து பட்டாசுக் கம்பெனிகள் அடைத்திருந்த நாட்கள். அச்சங்குளம் பக்கத்துக் கம்பெனி ஒன்றில் இந்த நான்கு பேரும் ஒரே ரூமில் வேலை செய்கிறவர்கள். பூச்சட்டிக்கு மருந்து அடைக்கிற ரூம் அது. ஒரு ரூமுக்கு நாலு பேர்தான், அதற்கு மேல் கூடாது. அம்மா, எங்களுக்கு மூன்று வீடு தள்ளியிருக்கும் பெரியம்மா, மூக்குக் கண்ணாடி போட்ட சித்தி, மல்லாங்கிணற்றிலிருந்து வாக்கப்பட்டு வந்த அத்தை. ஒன்பது வருடமாக இந்த நாலு பேரில் மாற்றமில்லை. வேலை இல்லாத நாளிலும் பிரிந்து இருக்கத் தெரியாமல் எங்கள் வீட்டில் வந்து உட்கார்ந்துவிடுவார்கள்.

விளையாட்டு நான் விருதுநகர் கல்லூரி விடுதியில் கற்றுக்கொண்டது. ஒன்று முதல் நூறு வரை எண் போட்ட சீட்டுகள். முதல் சுற்றில் ஆளுக்கு ஒரு சீட்டு, இரண்டாவதில் இரண்டு, மூன்றாவதில் மூன்று. எல்லார் கையில் இருப்பதையும் சின்ன எண்ணிலிருந்து பெரிய எண் வரை வரிசையாகக் கீழே போட வேண்டும். முறை என்று எதுவும் கிடையாது. பேசக் கூடாது, சாடை காட்டக் கூடாது. கையில் ஐந்து இருந்தால் உடனே போட்டுவிடலாம். எண்பது இருந்தால் பொறுக்க வேண்டும். எவ்வளவு நேரம் பொறுப்பது என்பதுதான் ஆட்டமே. அடுத்தவரிடம் சின்ன எண் இருக்கும்போது யாராவது முந்திக்கொண்டு பெரியதைப் போட்டுவிட்டால், எல்லாருக்குமாகச் சேர்த்து வைத்திருக்கும் மூன்று உயிரில் ஒன்று போகும். மூன்றும் போனால் ஆட்டம் முடிந்தது. விடுதியில் நாங்கள் ஒரு வருடம் மண்டையை உடைத்தும் ஐந்தாவது சுற்றைத் தாண்டியதில்லை.

சிவகாசியில் ஆப்செட் அச்சகத்தில் இருக்கும் தோழி ஒருத்தி, போன் நம்பரில் ஒரு எண் விட்டுப்போனதால் கழித்துப் போட்ட விசிட்டிங் கார்டுகளை எனக்குக் கொடுத்திருந்தாள். ஒரு டைல்ஸ் கடையின் கார்டு. பின்பக்கம் நான் எண்களை எழுதினேன். உயிருக்கு அடையாளமாக மூன்று தீக்குச்சிகளை நடுவில் வைத்தேன். பெரியம்மா ஒரு வார்த்தை சொல்லாமல் குச்சிகளை எடுத்து ஜன்னலில் வைத்துவிட்டு, அடுப்படியிலிருந்து மூன்று புளியங்கொட்டையைக் கொண்டுவந்து போட்டாள்.

முதல் ஆட்டமே வேடிக்கையாக இருந்தது. சித்தி கொஞ்சம் அசைந்து காலை மாற்றிப் போட்டதும் மற்ற மூன்று கைகளும் அந்தரத்தில் நின்றன. சோறு பொங்கியதைப் பார்க்க அம்மா எழுந்தாள். அவள் உட்காரும்வரை யாரும் விரலைக்கூட அசைக்கவில்லை. நான் பொறுமையிழந்து, போடுங்கள், எழுந்து போனால் பரவாயில்லை என்றேன். அப்புறம்தான் சொன்னார்கள். ரூமில் ஒருத்தி எழுந்தால் மற்றவர்கள் கையை நிறுத்திவிட வேண்டும். அது கம்பெனி போட்ட சட்டமா, இவர்களே வைத்துக்கொண்டதா என்று கேட்டேன். யாருக்கும் ஞாபகம் இல்லை.

அன்றைக்கே ஆறாவது சுற்றுக்குப் போய்விட்டார்கள். மறுநாள் எட்டு.

எனக்குத் தலை சுற்றியது. போனில் நேரம் வைத்துக் கணக்கெடுத்தேன். முப்பதுக்கும் முப்பத்தாறுக்கும் இடையில் எத்தனை விநாடி, நாற்பதுக்கும் எழுபதுக்கும் இடையில் எத்தனை என்று ஒரு நோட்டில் எழுதினேன். நான்கு பேரும் ஒரே வேகத்தில்தான் பொறுத்தார்கள், நான்கு பேருக்கும் சேர்த்து ஒரே கடிகாரம் உள்ளே ஓடுகிற மாதிரி. மனசுக்குள் எண்ணுகிறீர்களா என்று கேட்டால் இல்லை என்றார்கள். பிறகு எப்படி என்றால், சித்தி கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, “வந்துரும்னு தோணும், போட்டுருவோம்” என்றாள். இதை நோட்டில் எப்படி எழுதுவது?

பெரியம்மாவை எழுப்பிவிட்டு அவள் இடத்தில் நான் உட்கார்ந்து பார்த்தேன். இரண்டாவது சுற்றிலேயே மூன்று புளியங்கொட்டையும் போய்விட்டது. மூன்றும் என் கையால்.

“நீ ரூமுக்கு ஆக மாட்ட தாயி” என்றாள் சித்தி. எல்லாரும் சிரித்தார்கள். அம்மா மட்டும் சிரிக்கவில்லை. ஏன் என்று எனக்குத் தெரியும். இரண்டு வருடத்துக்கு முன் பெரியம்மா காய்ச்சலில் படுத்தபோது ஒரு நாளைக்கு மட்டும் அவளுக்குப் பதிலாக ஒரு பெண்ணைப் போட்டிருந்தார்கள். மடியில் பல்லி விழுந்ததும் அந்தப் பெண் துள்ளி எழுந்துவிட்டாள். மருந்துத் தட்டு அம்மாவின் முழங்காலுக்குப் பக்கத்தில் சாய்ந்தது. ஒன்றும் ஆகவில்லை. ஆனால் அன்று வீட்டுக்கு வந்த அம்மா, கட்டியிருந்த சேலையோடு தலைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டாள். அதிலிருந்து அவளுக்கு இருக்கும் ஒரே பயம், அந்த நாலு பேரில் ஒருத்தி மாறிவிடக் கூடாது என்பது.

மல்லாங்கிணற்று அத்தை அடுத்த நாள் காலையில் என்னைத் தனியாகக் கூப்பிட்டாள். அவளுக்கு ஒரே மகன், திருப்பூரில் இருக்கிறான். மருமகளுக்கு இது நிறைமாதம். வந்து கூடவே இரு என்று கூப்பிட்டுவிட்டான். ரேஷன் கார்டை அந்த ஊருக்கு மாற்ற வேண்டும், போனில் செய்து கொடு என்றாள். எங்கள் தெருவில் இந்த மாதிரி வேலைக்கெல்லாம் நான்தான். செய்துகொடுத்தேன்.

“ஒங்கம்மாட்ட நானே சொல்லிக்கிருதேன். அதுவரைக்கும் நீ வாயத் தொறக்கக் கூடாது. சத்தியம் பண்ணு.”

பண்ணினேன். எப்போது சொல்வீர்கள் என்று கேட்டதற்கு, பார்ப்போம் என்றாள்.

அதற்குப் பிறகு அந்த மத்தியானங்கள் எனக்கு வேதனையாகிவிட்டன. நான்கு பேர் பேசாமல் உட்கார்ந்து ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருக்கிற இடத்தில் ஒரு ரகசியத்தை வைத்துக்கொண்டு நான் எங்கே பார்ப்பது? அத்தையைப் பார்க்காமல் இருந்தால் சந்தேகம் வரும், பார்த்தாலும் வரும். தண்ணீர் எடுத்து வருகிறேன் என்று நாலு தடவை எழுந்து போனேன். நான் எழுந்தபோதெல்லாம் அவர்கள் கையை நிறுத்தினார்கள். அது எனக்கு இன்னும் மோசமாக இருந்தது.

அத்தை என்னிடம் சொன்னதிலிருந்து மூன்றாம் நாள், நாலாவது சுற்றிலேயே ஆட்டம் கவிழ்ந்தது. அம்மா கையில் முப்பத்தெட்டு இருக்கும்போது அத்தை ஐம்பத்தொன்றைப் போட்டாள். அப்புறம் இன்னொரு தடவை. அப்புறம் இன்னொரு தடவை. பெரியம்மா புளியங்கொட்டைகளைப் பொறுக்கி மடியில் கட்டிக்கொண்டாள்.

அவர்கள் போன பிறகு நான் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தேன். அம்மா பின்னால் வந்து நின்றாள்.

“மதினி திருப்பூருக்குப் போறாகளோ?”

கையில் இருந்த தட்டை நான் கீழே போடவில்லை என்பதில் எனக்கு இன்றுவரை பெருமை உண்டு. “யாரு சொன்னா?” என்று கேட்டேன்.

“யாரும் சொல்லல. மூணு நாளா அவுக கை முந்துது. சீட்டக் கையில வச்சிருக்கப் பிடிக்கல அவுகளுக்கு. மகன விட்டா அவுகளுக்கு வேற எங்கன போக்கு?” கழுவிய சொம்பைக் கவிழ்த்து வைத்துவிட்டு, “ஒம்மூஞ்சியும் சரியில்ல” என்று சேர்த்துக்கொண்டாள்.

இங்கேதான் எனக்குக் குழம்பிப்போனது. அத்தையின் கையைப் பார்த்துத் தெரிந்துகொண்டாளா, என் மூஞ்சியைப் பார்த்தா? கையைப் பார்த்து என்றால் நான் சத்தியத்தைக் காப்பாற்றிவிட்டேன். மூஞ்சியைப் பார்த்து என்றால் வாயைத் திறக்காமலே சொல்லிக்கொடுத்துவிட்டேன். எது முதலில் என்று அம்மாவிடம் கேட்டேன். ரெண்டும் ஒன்றுதானே என்று சொல்லிவிட்டுக் கொடியில் துணி எடுக்கப் போய்விட்டாள். ரெண்டும் எப்படி ஒன்றாகும்?

மறுநாள் வாசலில் செருப்பைக் கழற்றும்போதே அத்தை என்னைப் பார்த்துக் கேட்டாள். “சொல்லிட்டியாத்தா?”

“இல்லத்தே. சத்தியமா இல்ல.”

என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். நம்பினாளா இல்லையா என்று அதிலிருந்து ஒன்றும் பிடிபடவில்லை. அம்மா இவளிடம் எதுவும் கேட்டிருக்கவில்லை, இவளும் அம்மாவிடம் சொல்லியிருக்கவில்லை. அப்புறம் எப்படி, தெரிந்துவிட்டது என்பது இவளுக்குத் தெரிந்தது? அன்றைக்கும் யாரும் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. எப்போதும் போல உட்கார்ந்தார்கள், சீட்டைப் பிரித்தார்கள். அத்தையின் கை முந்தவில்லை. ஒன்பதாவது சுற்றையும் முடித்தார்கள். நான் நோட்டை மூடி வைத்துவிட்டேன். அந்த வாரக் கடைசியில் அத்தை திருப்பூர் பஸ் ஏறினாள். பஸ்ஸடியில்தான் முதல் தடவையாக, “அப்ப போயிட்டு வாரேன் மதினி” என்றாள். அம்மா, “இருந்து பாத்துட்டு வாங்க” என்றாள். அவ்வளவுதான் பேசினார்கள்.

கம்பெனி திறக்கிற பூஜை அன்று போர்மேன் அம்மாவிடம் ஒரு பெண்ணைக் காட்டினார். எங்கள் ஊருக்குப் போன வருடம்தான் குடிவந்த அக்கா, முப்பது வயதிருக்கும், தீப்பெட்டி ஆபீஸில் குச்சி அடுக்கும் வேலை பார்த்து வேகமான கை என்று பேர் வாங்கியவள். நாளை மறுநாள் வேலை தொடங்குது, உங்களுக்கு ஒத்துவராது என்றால் இப்பவே சொல்லுங்க, வேறு ரூமுக்குப் போடுகிறேன் என்றாராம். பார்த்துச் சொல்கிறேன் என்றாளாம் அம்மா. மத்தியானம் அந்த அக்காவைக் கையோடு வீட்டுக்கு அழைத்துவந்துவிட்டாள். பெரியம்மாவும் சித்தியும் பின்னாலேயே வந்தார்கள்.

“சீட்ட எடுத்துட்டு வா” என்றாள் அம்மா.

விதிகளைச் சொல்ல நான் வாயெடுப்பதற்குள் அம்மாவே சொல்லி முடித்துவிட்டாள். பேசக் கூடாது, சின்னதிலிருந்து ஏறணும், அவ்வளவுதான். அந்த அக்காவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. என்னைப் பார்த்துச் சிரித்தாள். வேலைக்கு வரச் சொன்னவர்கள் எதற்குச் சீட்டாடச் சொல்கிறார்கள் என்று அவள் நினைத்திருப்பாள். முதல் ஆட்டம் மூன்று நிமிடம்கூட நிற்கவில்லை. எண் கையில் விழுந்தவுடன் போட்டுவிடுகிறாள், என்னைப் போலவே. இரண்டாவது ஆட்டமும் போயிற்று. ஒவ்வொரு தடவையும் “அய்யோ, மன்னிச்சுக்கோங்கக்கா” என்றாள். அம்மா சீட்டைக் கலைத்து மறுபடி கொடுத்தாள்.

எனக்கு வாய் துடித்தது. அவசரப்படாதீங்க, மற்றவர்கள் கையைப் பாருங்கள் என்று ஒரே ஒரு வார்த்தை சொன்னால் போதும். அம்மா என்னை ஒரு பார்வை பார்த்தாள். சொல்லாதே என்றா, சொல்லு என்றா? சுவரில் சாய்ந்து நின்றுகொண்டேன்.

ஐந்தாவது ஆட்டத்தில் சித்தி ஒரு தும்மல் போட்டாள். அம்மாவின் கையும் பெரியம்மாவின் கையும் அப்படியே நின்றன. அந்த அக்கா போடத் தூக்கிய சீட்டு பாதியில் நின்றது. யாரும் அவளுக்கு எதையும் சொல்லவில்லை. சித்தி மூக்கைத் துடைத்துக்கொண்டு நிமிரும்வரை நின்றது. அதற்குப் பிறகு கடைசியாக இரண்டு பேர் கையில் மட்டும் சீட்டு மிஞ்சியது. நான் நின்ற இடத்திலிருந்து இரண்டையும் பார்க்க முடிந்தது. அக்காவிடம் அறுபத்தொன்று, அம்மாவிடம் அறுபத்திரண்டு. அக்காவின் விரல் இரண்டு தடவை எழுந்து இரண்டு தடவை படிந்தது. அம்மா சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வெகு நேரம் கழித்து அக்கா தன் சீட்டை, சத்தம் வராமல், கீழே வைத்தாள். அம்மா தன்னுடையதை அதன் மேல் வைத்தாள்.

யாரும் சபாஷ் போடவில்லை. பெரியம்மா எழுந்து சேலையை உதறிக்கொண்டு, நேரமாயிட்டு என்று கிளம்பினாள். அம்மா அடுப்படிக்குள் போய்விட்டாள். அந்த அக்காவை வாசல்வரை கொண்டுவிட நான் போனேன். அவள் செருப்பைத் தேடிக்கொண்டிருக்கும்போது உள்ளேயிருந்து அம்மாவின் குரல் வந்தது.

“அந்த நைலான் சேலையோட வந்துராத. கம்பெனிக்குக் காட்டன்தான் கட்டணும்.”

அக்கா செருப்பைக் கையில் வைத்துக்கொண்டு என் காதுக்குப் பக்கத்தில் வந்தாள். “இது சரிங்கிறாகளா, வேண்டாங்கிறாகளா?”

“தெரியலக்கா” என்றேன்.