அக்கா வெட்டிய ஜன்னல்

“அந்த வெளிச்சப் பெட்டிக்குள்ள நின்னா புத்துநோய் வருமாமே, நிஜமாவா?”

கேட்டவர் மருந்துக்கடைக்காரரின் மனைவி. அவர் முக்காலி மேல் நிற்க, டெய்லரக்கா தரையில் மண்டியிட்டு அவருடைய பாவாடை விளிம்பை மடித்து ஊசி குத்திக்கொண்டிருந்தார். அக்காவின் உதடுகளுக்கிடையில் வரிசையாகக் குண்டூசிகள். “ம்ம்” என்று மட்டும் சத்தம் வந்தது. அது நிஜமா என்று அன்றைக்கு அக்காவுக்கே தெரியாது.

அக்கா துணியைத் தொடுவார், ஆளைத் தொடமாட்டார். தொட யாரும் விடுவதில்லை. அவருக்குச் சொரியாசிஸ். விரல் முட்டிகளிலும் முழங்கையிலும் சிவந்த படைகள், அவற்றின் மேல் வெள்ளிச் செதில். அதனால் அளவெடுப்பது நாத்தனார் வேலை. நாத்தனாருக்கு டேப்பை இறுக்கிப் பிடிக்க வராது. அவர் சொல்லும் அளவிலிருந்து கொஞ்சத்தை அக்கா கண்ணாலேயே கழித்துக்கொள்வார். “இவ சொல்ற இடுப்புக்குத் தச்சா உள்ள ரெண்டு பேர் குடியிருக்கலாம்” என்பார். வழுக்கும் துணியை “நேராப் போடி, சண்டிராணி” என்று அதட்டுவார்.

சொரியாசிஸ் ஒட்டிக்கொள்ளாது. இதை அக்கா எத்தனை பேரிடம் சொல்லி அலுத்திருப்பார்! எல்லாரும் தலையை ஆட்டிவிட்டு, தைத்த துணியைக் கடைவாசலிலேயே, அவர் கண்ணெதிரிலேயே உதறி எடுத்துப்போனார்கள்.

அந்தக் கேள்விக்குக் கொஞ்சநாள் முன்புதான் ஆஸ்பத்திரியில் அக்காவுக்கு வெளிச்சச் சிகிச்சை தொடங்கியிருந்தார்கள். ஆள் உயரப் பெட்டி, உள்ளே சுற்றிலும் குழல்விளக்குகள். கண்ணுக்குக் கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு, கையில்லாத குட்டை அங்கியில் அக்கா அதற்குள் நிற்பார். வாரங்கள் போகப் போகக் கைகள் தெளிந்தன. அந்த நேரம் பார்த்து முதுகில், துணி மூடிய இடத்தில், புதிதாக ஒரு படை முளைத்தது. டெய்லர் ஆயிற்றே, சும்மா இருப்பாரா? அங்கியின் முதுகில் சதுரமாக ஒரு ஜன்னல் வெட்டி, ஓரம் அடித்து, யாரிடமும் சொல்லாமல் போட்டுக்கொண்டு போய் நின்றார்.

அன்று மாலையே முதுகு வெந்து சிவந்தது. அளவெடுத்து வெட்டியது போன்ற சதுரம்.

“நான் சொல்லல? கேன்சர்ல கொண்டுபோய் விடும் அண்ணி. போகாதீங்க” என்று அழுதார் நாத்தனார். தெருவும் சொன்னது. இத்தனை வருஷம் அக்கா கொடுத்த மீதிச் சில்லறையைக்கூடக் கையில் வாங்காதவர்களுக்கு, திடீரென்று அவருடைய உயிர் மேல் எங்கிருந்துதான் அக்கறை வந்ததோ!

அக்கா பயந்து நிறுத்திவிட்டார். கைகளில் செதில் திரும்பியது. கருநீலச் சீருடைத் துணியில் அது பளிச்சென்று தெரிந்தது. சீருடை தைக்கக் கொடுக்கும் பள்ளிக்கூடத்திலிருந்து ஆள் வந்து, “பெத்தவங்க முகம் சுளிக்கிறாங்க, அடுத்த வருஷம்...” என்று இழுத்தார். அந்தச் சீருடைதான் வீட்டின் சோறு. மறுநாள் அக்கா அங்கியைப் பைக்குள் திணித்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனார்.

டாக்டரம்மா அந்த ஜன்னலை முதுகுக் காயத்தின் மேல் வைத்துப் பார்த்தார். கச்சிதமாகப் பொருந்தியது. சிரித்தேவிட்டார்.

“மத்த தோலெல்லாம் கொஞ்சம் கொஞ்சமா வெளிச்சத்துக்குப் பழகியிருக்கும்மா. இந்த இடம் எடுத்த எடுப்பிலேயே முழுசா வாங்கியிருக்கு. வேகாம என்ன செய்யும்?”

அக்கா சிரிக்கவில்லை. “‘எப்பவும் ஒரே உடுப்புல வாங்க’ன்னு மட்டும் சொன்னீங்க. ஏன்னு ஒரு வார்த்தை சொன்னா வாய் தேஞ்சா போயிடும்? நான் என்ன கட்டையா, கொண்டுவந்து நிறுத்திட்டு விளக்கைப் போட?”

டாக்டரம்மாவின் சிரிப்பு நின்றது. “சொல்லாதது எங்க தப்புதான்.”

“சரி, புத்துநோய் வருமா, வராதா?”

“மாத்திரை போட்டுட்டு நிக்கிற பழைய முறை ஒண்ணு உண்டு. அதுல நிறையத் தடவை நின்னவங்களுக்குத் தோல் புற்றுநோய் கூடுதலா வந்திருக்கு. உங்களுக்குக் குடுக்கிறது மாத்திரை இல்லாத வேற வெளிச்சம். இதுல அப்படிக் கூடினதா இதுவரைக்கும் தெளிவாத் தெரியல. அதுக்காக வரவே வராதுன்னு சத்தியம் பண்ணமாட்டேன். அதனாலதான் அளவு பார்த்துக் குடுக்கிறோம். வருஷத்துக்கு ஒரு தடவை உடம்பு முழுக்கத் தோலைப் பார்க்கணும்.”

“என்னை யாரும் அப்படிப் பார்த்ததில்லையே!”

டாக்டரம்மா எழுந்து திரையை இழுத்து மூடினார். உச்சந்தலையிலிருந்து உள்ளங்கால் வரை பார்த்தார். பயப்படும்படி ஒன்றுமில்லை. காயம் ஆறியதும், குறைந்த அளவிலிருந்து அக்கா மறுபடி பெட்டிக்குள் நின்றார், ஜன்னல் இல்லாத அங்கியோடு.

கைகள் தெளிந்துவந்த நாளில் மருந்துக்கடைக்காரர் மனைவி புதுச் சட்டைக்கு அளவு கொடுக்க வந்தார். “இன்னுமா அந்தப் பெட்டிக்குப் போறே? புத்துநோய்...” என்று தொடங்கினார்.

அக்கா உதட்டிலிருந்த ஊசிகளை ஒவ்வொன்றாக எடுத்து, மணிக்கட்டில் கட்டியிருந்த பஞ்சுப் பொதியில் குத்தினார். பிறகு டாக்டரம்மா சொன்னதை ஒன்று விடாமல் சொன்னார், வராது என்று சத்தியம் செய்ய மறுத்ததையும் சேர்த்து.

“முன்னே தெரு முழுக்கச் சொன்னீங்கள்ல? இப்ப இதையும் அதே வாயால சொல்லிட்டுப் போங்க.”

இதைப் படிக்கிற உங்களிடமும் கேட்பது அதுதான். தெரிந்தவர்களுக்குச் சொல்லுங்கள்.

நாத்தனார் டேப்போடு முன்னால் வந்தார். அக்கா அவர் கழுத்திலிருந்து அதை உருவிக்கொண்டு, “கையைத் தூக்குங்க” என்று சொல்லி, வந்தவரின் இடுப்பைச் சுற்றி வெறும் விரல்களால் டேப்பை இறுக்கிப் பிடித்தார்.