எங்கள் அம்மன் கைவிடப்பட்ட கதை

நல்லெண்ணெயும் மஞ்சளும் வெயிலில் காய்ந்தால் ஒரு சிக்கு வாடை வரும். கேளம்பாக்கத்து உப்பளத்தை ஒட்டிய எங்கள் தெருக்கோடியில், வேப்பமரத்தடியில் நின்ற இடுப்புயரக் கல் அம்மனை நினைத்தால் இன்றும் எனக்கு முதலில் வருவது அந்த வாடைதான். பெரிய கோயிலுக்குள் எங்களை விடாத காலத்திலிருந்தே அவள் எங்களவள். பூசாரி கிடையாது. வெள்ளிதோறும் என் அம்மாதான் "எண்ணெக்காப்பு" போடுவாள். என் தலைக்குத் தேய்க்கும்போது அதட்டுவதைப் போலவே அவளையும் "ஆடாம இரு" என்று அதட்டுவாள்.

தொண்ணூறுகளின் நடுவில், நான் ஆறாவது படிக்கையில், ஒரு பெரிய அருங்காட்சியகத்திலிருந்து ஜீப்பில் வந்தார்கள். பழங்காலச் சிலை, உப்புக்காற்றில் அரித்துப்போகிறது, பாதுகாக்க வேண்டும் என்றார்கள். "இது யாருது?" என்று அதிகாரி கேட்டதுதான் தாமதம், உப்பளக் கூலியான அப்பா தோள் துண்டை எடுத்து இடுப்பில் கட்டிக்கொண்டார். சிலை வைத்திருந்தவர்களைப் போலீஸ் பிடித்த கதைகள் அப்போது ஊரெல்லாம் உலவின. போதாததற்கு நாங்கள் குடியிருந்ததே புறம்போக்கு.

"எங்குளுது இல்ல சார். யாரும் கும்புடறதும் இல்ல. இஸ்துகினு போங்க" என்றார், அம்மன் முகத்தில் அன்று காலை வைத்த எண்ணெய் வழிந்துகொண்டிருக்கும்போதே.

அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். "எப்ப வேணா வந்து பாக்கலாம்மா, எல்லாருக்கும் பொதுதான்" என்று அதிகாரி சொன்னதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, அடுத்த வெள்ளியே என்னையும் இழுத்துக்கொண்டு பஸ் ஏறினாள். சிலை கிடங்கில் இருக்கிறது, பார்க்க அனுமதிக் கடிதம் வேண்டும் என்ற வாசல் காவலாளி, அவள் கையிலிருந்த எண்ணெய் பாட்டிலைப் பார்த்துச் சிரித்தார். அதன்பின் அம்மா அந்தப் பக்கம் போகவில்லை. அப்பா சாகும்வரை அவரிடம் முகம் கொடுத்தும் பேசவில்லை. நானும் அவரை மன்னிக்கவில்லை.

பிறகு நான் கம்ப்யூட்டர் கம்பெனியில் சேர்ந்த காலத்தில், அருங்காட்சியகம் தன் சிலைகளையெல்லாம் இணையத்தில் போட்டது. அம்மாவுக்கு லேப்டாப்பில் காட்டினேன். மருந்து போட்டு எண்ணெயைச் சுத்தமாக எடுத்திருந்தார்கள்; மூக்குத்திகூடத் தெரிந்தது. கீழே இருந்ததைப் படித்துக் காட்டினேன்: 'பெண் தெய்வம். கைவிடப்பட்ட நிலையில் கிடைத்தது.'

"கைவுட்டனா? நானா?" என்றாள் அம்மா. "வெள்ளி தவறாம எண்ண வச்சிகினு இருந்தவடி நானு. அந்த எழுத்த அழிக்கச் சொல்லு."

எழுதிப் போட்டேன்.

இன்று வேப்பமரம் நின்ற இடத்தில் அடுக்குமாடிக்காரர்கள் கார் நிறுத்துகிறார்கள். அருங்காட்சியகத்தின் பதில் மட்டும் என்னிடம் இருக்கிறது. அம்மாவுக்கு நான் காட்டாத பதில். மரியாதையான கடிதம்தான். கூடவே ஒரு பழைய காகிதத்தின் நகல்: 'மேற்படி சிலைக்கும் எங்களுக்கும் யாதொரு சம்பந்தமும் இல்லை.' அடியில் அப்பாவின் கைநாட்டு. பாதுகாப்பதில் அவர்களைக் குறை சொல்ல முடியாது; ஒரு ரேகைகூட அழியவில்லை.