முடிமீட்பாளர் என்றால் யார்?

இன்று அரியலூர் பஸ்ஸில் படித்துக்கொண்டிருந்த வரலாற்று நூலில் 'முடிமீட்பாளர்' என்ற அபூர்வமான சொல் வந்தது. வாய்விட்டுப் படித்துவிட்டேன்.

பக்கத்தில் வயல் வேலை முடிந்து திரும்பும் அக்கா ஒருவர். "அப்படின்னா என்ன தம்பி?" என்றார்.

"பதவி போன ராஜாவுக்கு மறுபடியும் முடிசூட்டப் பாக்குற ஆளுங்க."

"அட, எங்கூரு நாட்டாமைதான்! ஜமீன் போயிருச்சு. தேருக்கு இன்னமும் அந்த வூட்டுக்குத்தான் பரிவட்டம் கட்டணுங்கிறாரு. வடம் இழுக்கிறது நாங்க. இந்த வருசம் எங்க தெருவுக்குக் கட்டுங்கன்னு சாயங்காலம் கூட்டத்துல கேக்கப்போறேன். அந்த வார்த்தைய இன்னொருக்கா சொல்லுங்க."

சொன்னேன். இரண்டு முறை சத்தமாகச் சொல்லிப் பார்த்துவிட்டு இறங்கினார்.

கேட்டுவிடுவார். எனக்குச் சந்தேகமில்லை.

உங்கள் புத்தகங்களிலும் சும்மா கிடக்கும் சொற்கள் இருந்தால் கார்டில் எழுதிப் போடுங்கள். இந்தப் பக்கம் அவற்றுக்கு நிறைய வேலை இருக்கிறது.